எனக்குப் பின் அதே தண்ணீரில்

எழுபதுகளின் தொடக்கத்தில் மயிலாப்பூரில் ஒரு ஒண்டுக்குடித்தனத்தில் இருந்தோம். நான்கு குடும்பத்துக்கு ஒரே குளியலறை, அதில் ஒரே சிமெண்ட் தொட்டி. விடியற்காலையில் ஒரு மணி நேரம் குழாயில் தண்ணீர் வரும். அதைப் பிடித்துத் தொட்டியை நிரப்பினால் அன்றைக்கு எல்லாருக்கும் அதுதான். அந்தத் தொட்டியில் என் கை மட்டும் படக்கூடாது.

எனக்கு அப்போது இருபத்திரண்டு வயது. முழங்கையிலும் முதுகிலும் தோல் செதில் செதிலாக உரிந்துகொண்டிருந்தது. ஒட்டாத வியாதி என்று டாக்டர் சீட்டே எழுதித் தந்தார். பின்கட்டில் குடியிருந்த மாமி அதை வாங்கிப் படித்தாள். "டாக்டரா வந்து இங்க குளிக்கப்போறார்? எல்லாரும் புழங்கற ஜலம்டி, நீ கையை விடாதே" என்றாள். அம்மா மறுநாளிலிருந்து எனக்கென்று ஒரு தனி வாளியில் மொண்டு வைத்தாள். மாமியைவிட அந்த வாளிமேல்தான் எனக்கு ஆத்திரம்.

கெமிஸ்ட்ரி படித்திருந்தும் வேலை கிடைக்கவில்லை. அடையாறில் ஒரு ஜப்பானிய எஞ்சினியரின் மனைவிக்கு ஆங்கிலம் சொல்லித்தரப் போனேன், சித்திரை வெயிலிலும் முழுக்கை ரவிக்கையோடு. அவர் ஊரில் மலையடிவாரத்தில் பூமியிலிருந்து வெந்நீர் தானாகப் பொங்கி வருமாம். அவருடைய சித்தி அங்கே ஊற்றுக்குப் பக்கத்தில் விடுதி நடத்தினாராம். அழுகின முட்டை நாற்றம் அடிக்கும் என்று மூக்கைப் பிடித்துக் காட்டினார். விடுவேனா? மழைத்தண்ணீர் பாறை இடுக்கு வழியாகப் பல காலம் கீழே இறங்குவதையும், உள்ளிருக்கும் சூட்டில் கொதித்துக் கந்தகத்தையும் உப்பையும் கரைத்துக்கொண்டு மேலே வருவதையும் படம் போட்டு விளக்கினேன். அந்த நாற்றம் கல்லூரி லேபில் நாங்கள் தயாரித்த ஹைட்ரஜன் சல்பைடுதான் என்றேன். முழுவதும் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "இவ்வளவு தெரிந்தும் ஒரு தடவைகூட அதில் உட்கார்ந்ததில்லையா?" என்று கேட்டார்.

கொத்தனாரை வைத்துக் குளியலறையில் கழுத்தளவுக்கு ஒரு தொட்டி கட்டியிருந்தார். ஊரிலிருந்து வந்த ஊற்றுப்பொடியை ஒரு பிடி அள்ளி வெந்நீரில் போட்டார். தண்ணீர் பால் மாதிரி வெளுத்தது. விருந்தாளிக்குத்தான் முதல் குளியல் என்று என்னை உள்ளே அனுப்பினார். ஒரு முக்காலி, ஒரு மரக்குவளை, ததும்பும் தொட்டி. மயிலாப்பூர்க்காரி என்ன செய்வாளோ அதைச் செய்தேன். முக்காலியில் உட்கார்ந்து, சோப்புப் போட்டு, மொண்டு மொண்டு ஊற்றிக்கொண்டேன். கேட்க ஆளில்லாத வெந்நீர். தொட்டியின் அடி தெரிந்தபிறகுதான் எழுந்தேன்.

வெளியே எஞ்சினியர் தோளில் துண்டோடு நின்றிருந்தார். வேலை செய்யும் அம்மாள் எட்டிப் பார்த்துத் தலையில் கை வைத்தாள். "இன்னாம்மா, அல்லாத் தண்ணியும் நீயே ஊத்திக்கினியா? ஐயா இன்னும் குளிக்கவே இல்ல."

அவர்கள் முறையே வேறு. அழுக்கையெல்லாம் முக்காலியில் உட்கார்ந்து கழுவிவிட்டு, சுத்தமான உடம்போடு தொட்டிக்குள் கழுத்துவரை உட்கார வேண்டும். ஒருவர் எழுந்ததும் அதே தண்ணீரில் அடுத்தவர். எனக்கு மானம் போனது. எஞ்சினியரின் மனைவியோ கண்ணில் நீர் வரச் சிரித்தார்.

அடுத்த வாரமும் கூப்பிட்டார். நான் ரவிக்கைக் கையைச் சுருட்டி முழங்கையைக் காட்டினேன். "எனக்குப் பிறகு யாரும் அதில் இறங்க முடியாது" என்றேன். குனிந்து நன்றாகப் பார்த்தார். "எங்கள் ஊற்றுக்கு வருகிறவர்களே இப்படிப்பட்டவர்கள்தான். சித்தியின் விடுதி ஓடியதே இவர்களால்தான்" என்றார். கழுவிக்கொண்டு இறங்கினேன். என் முதுகை முழுவதுமாக ஒரு தண்ணீர் தொட்டது அன்றைக்குத்தான். நான் வெளியே வந்த கையோடு அவர் உள்ளே போனார். தண்ணீரை மாற்றவில்லை. அவர் இறங்கியதில் தொட்டி வழிந்த சத்தம் கேட்டது. கதவுக்கு வெளியே நின்று அழுதேன். இதற்கெல்லாம் அழ வைத்துவிட்டார்களே என்று மயிலாப்பூரை நினைத்துக் கோபமும் வந்தது.

புதன்கிழமை காலை, மாமி பார்க்கவே, என் சொம்பைத் தொட்டியில் முக்கினேன். நான் குளித்து வந்ததும் அவள் தொட்டியின் அடைப்புத் துணியைப் பிடுங்கி அவ்வளவையும் சாக்கடையில் விட்டாள். தேய்த்துக் கழுவி மறுபடி பிடித்து முடிப்பதற்குள் குழாய் நின்றுவிட்டது. அரைத் தொட்டிதான் நிறைந்தது. வியாழக்கிழமையும் நான் முக்கினேன், அவள் பிடுங்கினாள். அன்று நாலு குடித்தனத்துக்கும் கால் தொட்டி. அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "வேண்டாம்டி, ஊரோடு ஒத்துப்போ" என்றாள். "ஊர் என்னோடு ஒத்துப்போகட்டும்" என்றேன்.

வெள்ளிக்கிழமை மாமி தலையில் எண்ணெய் தேய்த்துக்கொண்டு காத்திருந்தாள். நான் முதலில் போய் நிதானமாகக் குளித்தேன். வெளியே வந்தபோது குழாய் நின்றிருந்தது. மாமி அடைப்புத் துணியைப் பிடுங்கப் புறப்பட்டாள். "இன்னிக்கும் கொட்டினா நாங்க எங்க போறது மாமி?" என்று முன்கட்டுக்காரி வழியை மறித்தாள். மாமியின் நெற்றியிலிருந்து எண்ணெய் வழிந்து கண்ணில் இறங்கிக்கொண்டிருந்தது. முந்தானையால் துடைத்துக்கொண்டாள். பிறகு குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள்.

நான் நகரவில்லை. தொட்டியில் சொம்பு முங்கும் சத்தமும் தலையில் தண்ணீர் விழும் சத்தமும் கேட்டன. ஒன்று, இரண்டு என்று கடைசிச் சொம்புவரை நின்று கேட்டேன். என் தோல் எந்த வெந்நீருக்கும் மசியவில்லை, இன்றைக்கும் உரிகிறது. ஆனால் அன்று தனி வாளியைத் தூக்கிக்கொண்டு போய் அம்மாவிடம் கொடுத்து, "இனிமேல் இது வீடு துடைக்க" என்றேன்.