கிண்ணத்தை ஏன் நிரப்பினாள்?

சாயங்காலத் தொடர் ஆரம்பித்ததும் ஓராஸ்பெக் முதலில் செய்வது தொலைக்காட்சியின் சத்தத்தை அடியோடு நிறுத்துவது. அடுத்து, ஒரு குர்த் உருண்டையை எடுத்துக் கன்னத்தில் அடக்கிக்கொள்வார். உப்புப் போட்டுக் கல்லாகக் காயவைத்த தயிர்க்கட்டி அது. தொடர் நன்றாக இருந்தால் அது தானாகக் கரைந்துபோகும். மோசமாக இருந்தால் பாதியிலேயே 'கடக்' என்று கடித்துவிடுவார். அடுப்படியில் நிற்கும் ஜமிகாவுக்கு அந்தச் சத்தம் போதும். வெள்ளிக்கிழமைப் பத்திரிகையில் கணவர் என்ன எழுதப்போகிறார் என்பது அவளுக்கு அப்போதே தெரிந்துவிடும். இத்தனை வருஷத்தில் ஒருமுறைகூடத் தப்பியதில்லை.

"வாய் என்ன வேணா சொல்லும். கையைப் பாரு, காலைப் பாரு. அதுக்குப் பொய் சொல்ல வராது" என்பார். ஒரு காலத்தில் மல்யுத்தப் போட்டிகளைப் பற்றி எழுதிக்கொண்டிருந்தவர். தொலைக்காட்சி விமர்சனம் எழுத ஆள் இல்லை என்று பத்திரிகையில் இவர் தலையில் கட்டினார்கள். இன்றைக்கும் காதல் காட்சியைப் பற்றி எழுதும்போதுகூட யார் யாரைக் கீழே தள்ளினார்கள் என்றுதான் எழுதுவார். கஜகஸ்தானின் அல்மாத்தி நகரில் பேருந்து ஓட்டுநர்கள் வண்டியை நிறுத்தி, "என்ன ஓராக்கே, இந்த வாரம் யாரைப் புரட்டிப் போட்டீங்க?" என்று கேட்பார்கள். அவர் கூச்சத்தோடு தொப்பியைச் சரிசெய்துகொண்டு நடப்பார்.

சத்தத்தோடு பார்ப்பது மறுநாள் காலை, மறு ஒளிபரப்பில். அந்த நேரத்தில் ஜமிகா மழலையர் பள்ளிச் சமையலறையில் கஞ்சி கிண்டிக்கொண்டிருப்பாள். அதனால் அந்த வீட்டில் இத்தனை தொடர்கள் ஓடியும், ஒன்றில்கூட ஒருவர் பேசி அவள் கேட்டதில்லை.

ஜமிகாவின் தம்பி நுர்தாஸ். தாய் போன பிறகு அவள்தான் வளர்த்தாள். அவன் எடுத்த முதல் தொடர் 'உப்புக் கரை' சென்ற குளிர்காலத்தில் வந்தது. உப்பு ஏரிக் கரையில் ஒரு பணக்காரக் கிழவர் செத்துக் கிடக்கிறார், கொன்றது யார் என்று எட்டு வாரம் தேடும் கதை. முதல் சீசனைப் பற்றி ஊர் என்ன பேசுகிறது என்று பார்த்துத்தான் இரண்டாவது சீசன் தருவதாக அலைவரிசையில் சொல்லியிருந்தார்கள். நுர்தாஸுக்கு அதுதான் தூக்கத்தைக் கெடுத்தது.

"அத்தான், பாராட்ட வேணாம். சும்மா திட்டாம இருந்தாப் போதும்" என்று போனில் கெஞ்சினான்.

"மச்சான்னு பார்த்தா அப்புறம் நான் எழுதறதை எவன்டா படிப்பான்? வை போனை."

முதல் வாரமே மற்ற விமர்சகர்கள் பிடித்துக்கொண்டார்கள். ஒருவர் 'ஒட்டகம் தூங்கி எழுவதற்குள் ஒரு காட்சி' என்று எழுதினார். இன்னொருவர், வெளிநாட்டுத் தொடருக்கு நம்மூர்க் குல்லாய் மாட்டியிருக்கிறார்கள் என்றார். ஓராஸ்பெக் ஒன்றும் எழுதவில்லை. முதல் பகுதிக்குக் குர்த் பாதி கரைந்தது, பாதி கடிபட்டது.

இரண்டாவது வாரம் அடுப்படியில் காத்துக்கொண்டிருந்த ஜமிகாவுக்கு எந்தச் சத்தமும் கேட்கவில்லை. எட்டிப் பார்த்தாள். கணவர் எழுந்து நின்றுகொண்டிருந்தார்.

"ஜமிகா, இங்க வா! பாரு, பாரு. செத்த கிழவரோட மருமக இன்ஸ்பெக்டருக்கு டீ ஊத்தறா. கிண்ணத்தைப் பாரு!"

பார்த்தாள். மருமகள் விளிம்புவரை ததும்பத் ததும்ப ஊற்றியிருந்தாள். அந்த ஊர் வழக்கத்தில், இன்னும் கொஞ்ச நேரம் இருக்க வேண்டிய விருந்தாளிக்கு அரைக் கிண்ணம்தான் ஊற்றுவார்கள். தீரத் தீர வாங்கி மறுபடி ஊற்றுவதில்தான் மரியாதை. முழுக் கிண்ணம் கொடுத்தால், குடித்துவிட்டுக் கிளம்பு என்று பொருள்.

"சிரிச்சுக்கிட்டே வெளிய போடாங்கறா பாத்தியா? இவதான் கொலைகாரி! உன் தம்பி பெரிய ஆளுடி!"

அந்த வெள்ளிக்கிழமை, இப்படி ஒரு நுணுக்கமான தடயத்தை இந்த நாட்டுத் திரையில் தான் கண்டதில்லை என்று அரைப் பக்கம் எழுதினார். அதன் பிறகு ஊரே கிண்ணத்தைப் பற்றித்தான் பேசியது. சந்தையில் குதிரை இறைச்சி வெட்டும் பெண்கள்கூட, "மருமகதான், சந்தேகமே இல்ல. முழுக் கிண்ணம் ஊத்தினாளே கடங்காரி!" என்று கத்தியை ஆட்டிப் பேசினார்கள். திட்டிய விமர்சகர்கள் தாங்களும் அதைக் கவனித்ததாக எழுதினார்கள். நுர்தாஸ் மட்டும் போனில், "ரொம்ப நன்றி அத்தான்" என்றான். குரல் கிணற்றுக்குள்ளிருந்து வருவது மாதிரி இருந்தது.

எட்டாவது வாரம் தெரிந்தது. கொன்றவன் கால்நடை மருத்துவன்.

ஊர் கொதித்துவிட்டது. "அப்போ அந்தக் கிண்ணம்?" என்றார்கள். மோசடி என்றார்கள். மறுநாள் நுர்தாஸ் பனி ஒட்டிய பூட்ஸைக் கழற்றாமலே உள்ளே வந்தான்.

"திட்டியிருந்தாக்கூடப் பரவால்ல அத்தான். பாராட்டிக் கெடுத்துட்டீங்களே! இனி ரெண்டாவது சீசன் எங்க தருவாங்க?"

"அப்ப அந்தக் கிண்ணத்தை எதுக்குடா நிரப்பின?"

"அரைக் கிண்ணம் கேமராவில காலியாத் தெரிஞ்சது. ஊத்தும்மான்னேன், ஊத்துச்சு. அந்தப் பொண்ணும் என்னை மாதிரி டம்ளர்ல காபி குடிக்கிற ஜாதி."

ஓராஸ்பெக் வயிறு குலுங்கச் சிரித்தார். ஜமிகா சிரிக்கவில்லை. இது பத்திரிகையில் வந்தால் என்ன பேசுவார்கள் என்று அவளுக்குத் தெரியும். தேநீர் ஊற்றத் தெரியாத வீட்டில் வளர்ந்தவன் என்பார்கள். வளர்த்தவள் அவள். அவனோ எந்தக் காலத்தில் உட்கார்ந்து குடித்தான்? பாதித் தேநீரை நின்றுகொண்டே விழுங்கிவிட்டு ஓடுகிற பிள்ளை.

வியாழக்கிழமை எழுத உட்கார்ந்த கணவருக்குத் தேநீர் கொண்டுபோய் வைத்தாள். கிண்ணம் விளிம்புவரை நிறைந்திருந்தது.

ஓராஸ்பெக் கிண்ணத்தைப் பார்த்தார். அவளைப் பார்த்தார். "என்ன, வீட்டை விட்டுக் கிளம்பணுமா?"

"எழுதறதைப் பொறுத்து."

பொய் எழுத அவருக்கு வராது. கடைசியில் எழுதியது சின்னதுதான்: 'கொன்றவன் யார் என்று சொல்லிவிட்டார்கள். நல்லது. ஆனால் அந்தப் பெண் கிண்ணத்தை ஏன் நிரப்பினாள்? அதற்குப் பதில் வராதவரை என்னைப் பொறுத்தவரை கதை முடியவில்லை.'

அந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டு ஊரே அலைவரிசைக்கு எழுதித் தள்ளியது. திட்டி வந்த கடிதங்களிலும் அடியில் அதே கேள்வி. வசந்தம் வருவதற்குள் இரண்டாவது சீசன் உறுதியாகிவிட்டது.

இப்போதைய சிக்கல், நுர்தாஸுக்கே பதில் தெரியாது என்பதுதான். ஞாயிறுதோறும் வந்துவிடுகிறான். மத்தியானம் உட்கார்ந்தால் இருட்டும்வரை எழுவதில்லை.

"ஒரு யோசனை சொல்லுங்களேன், அத்தான். ஏன் நிரப்பியிருப்பா?"

"நான் விமர்சகன்டா. நீ எழுது, நான் கடிக்கிறேன்."

"அவ யாரையாவது ஒளிச்சு வச்சிருந்தாளோ?"

"போன வாரமும் அதையேதான் சொன்ன."

ஜமிகா அரை அரைக் கிண்ணமாக ஊற்றிக்கொண்டே இருக்கிறாள். போன ஞாயிறும் அப்படித்தான் ஊற்றினாள். பிறகு கெட்டிலை எடுத்து, இரண்டு பேர் கிண்ணத்தையும் விளிம்புவரை நிரப்பிவிட்டு, அடுத்த அறைக்குப் போனாள். ஆண்கள் இருவரும் கிண்ணத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். உள்ளே அவள் கணவரின் நாற்காலியில் உட்கார்ந்து, ஒரு குர்த் உருண்டையைக் கன்னத்தில் அடக்கிக்கொண்டு, தொலைக்காட்சியின் சத்தத்தை நன்றாகக் கூட்டி வைத்தாள்.