லிங்கனுக்குக் கயிறு கிடையாது

துபாயில் வாட்ச்மேனாக இருந்த காலமெல்லாம் முஸாஃபர் படித்துத் தள்ளியது பத்தொன்பதாம் நூற்றாண்டுத் தலைவர்களின் வாழ்க்கை வரலாறுகளைத்தான். நரிக்குடிக்குத் திரும்பி ஆடு வளர்க்கத் தொடங்கியதும் கிடாய்களுக்கு அந்தப் பெயர்களையே வைத்தார். மற்றவையெல்லாம் கயிற்றில் நின்றன. லிங்கன் மட்டும் இஷ்டத்துக்குத் திரிந்து, பக்கத்துக் காட்டு மாயக்காளின் சோளத்தில் பாதியைத் தின்று தீர்த்தது. அவள் கம்போடு வந்து நின்றாள்.

“ஏண்ணே, இதக் கட்டிப்போட்டா என்ன?”

“அடிமைகள விடுதலை பண்ணுன மனுசன் பேரும்மா. கட்ட மனசு வருமா?”

“அப்படியா? என் எருமைக்கும் இன்னைக்கே லிங்கன்னு பேரு வைக்கிறேன். ஒங்க அகத்திக்குள்ள வந்து மேயட்டும்.”

ஆனாலும் லிங்கனைக் கட்ட முஸாஃபருக்குக் கை வரவில்லை. சாயங்காலம் முதல் வேலையாகக் கிடாயின் பெயரை, கெடுபிடிக்குப் பேர்போன பிஸ்மார்க் என்று மாற்றினார். அப்புறம்தான் கயிற்றை எடுத்தார்.