சந்தேகத்துக்கு நம்பர் கிடையாது

பூர்ணிமாவைப் படித்த முட்டாள் என்று புதுச்சேரி நெல்லித்தோப்பில் சிலர் இன்னும் சொல்கிறார்கள். அவர்கள் வாயை அடைக்க என்னால் முடியாது. ஆனால் இரண்டாயிரத்து ஆறில் அவளுக்குப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து அதே வேலையைப் பார்த்தவள் நான். என் பெயர் ஏலிஸ். அப்பா பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்து பெரிய பென்ஷன் வாங்குகிறவர் என்பதால், நான் பொழுதுபோகாமல் வேலைக்கு வருகிறேன் என்று ஆபீசில் ஒரு கேலி. பொழுதுபோக்கு என்றே இருக்கட்டும். அவள் இடத்தில் நான் இருந்தாலும் அவள் செய்ததைத்தான் செய்திருப்பேன்.

எங்கள் வேலை மெடிக்கல் கோடிங். அமெரிக்காவில் ஒருவர் வழுக்கி விழுந்து டாக்டரிடம் போனால், டாக்டர் எழுதிய குறிப்பு கம்ப்யூட்டர் வழியாகப் புதுச்சேரிக்கு வரும். அதைப் படித்து நோய்க்கு உரிய நம்பரை நாங்கள் போட வேண்டும். அதை வைத்துத்தான் அங்கே இன்சூரன்ஸ்காரன் பணம் கொடுப்பான். மணிக்கட்டு சுளுக்கு என்றால் 842.00. பூர்ணிமாவுக்கு அது தூக்கத்திலும் வரும். பனிக்காலத்தில் அந்த ஊரில் வழுக்கி விழாத ஆளே இல்லையோ என்னவோ, அத்தனை சுளுக்கு.

பயிற்சியின்போதே எங்கள் மண்டையில் ஏற்றிய விதி ஒன்று உண்டு. டாக்டரைப் பார்த்துவிட்டு அன்றே வீட்டுக்குப் போகிற நோயாளி என்றால், டாக்டர் உறுதியாக எழுதியதற்கு மட்டும்தான் நம்பர். 'எலும்பு முறிவா என்று பார்க்க வேண்டும்' என்று அவர் சந்தேகப்பட்டு எழுதியிருந்தால் அதைத் தொடக்கூடாது. தொட்டால் தப்பு, டீம் லீடரிடம் வசவு. நாளாக ஆக அந்த வரி கண்ணிலேயே படாது. அரிசியில் கல் பொறுக்குகிற மாதிரி சந்தேகத்தை ஒதுக்கிவிட்டு மேலே போய்விடுவோம்.

பூர்ணிமாவின் அண்ணன் நாராயணசாமி கொத்தனார். அப்பா இல்லாத வீட்டில் தங்கையை பி.எஸ்சி. வரை படிக்க வைத்தவர். அவர் பூசிய சுவருக்கு மட்டம் வைத்துப் பார்க்கத் தேவையில்லை என்பார்கள். அந்த ஆடி மாதம் சாரத்திலிருந்து சறுக்கி, வலது கையை ஊன்றி விழுந்தார். ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுத்தார்கள், முறிவு எதுவும் தெரியவில்லை. கட்டுப் போட்டுச் சீட்டு எழுதிக் கொடுத்தார்கள்.

வீட்டுக்கு வந்ததும் சீட்டைத் தங்கையிடம் நீட்டினார். மணிக்கட்டு சுளுக்கு என்று ஒரு வரி இருந்தது. எலும்பு முறிவா என்று பார்க்க வேண்டும், பத்து நாளில் மறுபடி எக்ஸ்ரே என்று அதற்குக் கீழே இன்னொரு வரி. இரண்டும் ஆங்கிலத்தில்.

"வெறும் சுளுக்குதாண்ணா. பயப்படாத."

"திரும்ப வரச் சொன்னாங்களே?"

"அது எல்லாருக்கும் எழுதறதுதான். நான் தெனம் பாக்கறேன். ஒண்ணும் ஆவாது."

அவள் பொய் சொல்லவில்லை. எங்கள் பிரிவுக்கு வருவது முதல் நாள் குறிப்பு மட்டும்தான். அந்த ஆட்கள் பிறகு என்ன ஆனார்கள் என்பது எங்களுக்கு வராது. எங்களைப் பொறுத்தவரை, சுளுக்கு வந்த எவருக்கும் அதற்கு மேல் எதுவும் ஆனதில்லை.

நாராயணசாமி மறுபடி போகவில்லை. கட்டைப் பிரித்துவிட்டுச் சாரம் ஏறினார். வலியைப் பல்லைக் கடித்துப் பொறுத்துக்கொண்டு ஐப்பசி வரை பூசினார். ஒரு நாள் பூச்சுக் கரண்டி கையில் நிற்கவில்லை, நழுவி விழுந்தது. அப்புறம்தான் டாக்டரிடம் போனார், பூர்ணிமாவும் கூடப் போனாள். கட்டைவிரலுக்குக் கீழே மணிக்கட்டில் இருக்கும் சின்ன எலும்பில் விரிசல். முதல் நாள் படத்தில் அது தெரியாதாம். இப்போது ரத்தம் ஓடாமல் எலும்பில் ஒரு பகுதி செத்தே போயிருந்தது.

"பத்து நாள்ல வரச் சொல்லி எழுதியிருக்கே, ஏன்யா வரல?" என்று டாக்டர் சத்தம் போட்டார்.

"வேல இருந்துச்சு சார். நாந்தான் வரல" என்றார் நாராயணசாமி.

பூர்ணிமா எழுந்து நின்றுவிட்டாள். "இல்ல சார், நான்தான் போவ வேணாம்னேன். இதப் படிக்கிறதுதான் சார் என் வேலையே."

டாக்டர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். அதற்குள் அண்ணன் குறுக்கே புகுந்தார். "அத வுடுங்க சார். அதுக்கு இன்னா தெரியும்? கம்ப்யூட்டர்ல நம்பர் அடிக்கிற புள்ள."

தெருவில் யாருக்குக் காய்ச்சல் என்றாலும் எங்க பூர்ணியிடம் காட்டு என்று பெருமை அடித்துக்கொண்டு திரிந்த மனுஷன் அவர். இதை அவள் என்னிடம் சொல்லித்தான் அழுதாள்.

ஆபரேஷன் நடந்தது. வலி போயிற்று, மணிக்கட்டு மடங்கவில்லை. மற்றவர்கள் பூசிய சுவருக்கு இடது கையால் தண்ணீர் அடிக்கிற வேலைக்குத்தான் போனார். இந்த வேலையே வேண்டாம், விட்டுவிடுகிறேன் என்று பூர்ணிமா ஒரு நாள் காலையில் அவரிடம் சொல்லியிருக்கிறாள்.

"வுட்டுட்டு?" என்றாராம். "இனிமே இந்த ஊட்டுக்கு உன் கைதாம்மா. போ, நேரமாவுது."

அவள் ஆபீசுக்கு வந்தாள். கண்ணீரில் திரை தெரியாமல் உட்கார்ந்திருந்தாள். அன்றைக்கு அவள் வேலையை நான்தான் முடித்துக் கொடுத்தேன்.