கல்லுக்கு வைத்த பொட்டு

மூன்று வருடத்துக்கு முன்னால், இண்டூர் பக்கத்தில் இருக்கிற எங்கள் நிலத்தில் நடந்தது இது. இன்றைக்கு நினைத்தாலும் குழப்பம்தான்.

எங்கள் நிலத்தை ஒட்டினாற்போல என் வீட்டுக்காரரின் பெரியப்பா மகன் நிலம். நான் அவரை மாமா என்றுதான் கூப்பிடுவேன். இரண்டுக்கும் நடுவில் ஓர் எல்லைக் கல். கல்லுக்கு இந்தப் பக்கம், கிட்டத்திலேயே எங்கள் கிணறு. பட்டா அளவுப்படி தன் நிலம் கல்லைத் தாண்டி வருகிறது, கிணறும் தனக்குத்தான் என்று மாமா கோர்ட்டில் கேஸ் போட்டுவிட்டார். கிணறு போனால் எங்கள் தக்காளிக்குத் தண்ணீர் கிடையாது, பிழைப்பும் கிடையாது.

இடத்தை நேரில் பார்த்து அறிக்கை கொடுக்க, கோர்ட்டே ஒரு வக்கீலைக் கமிஷனராக அனுப்பப் போகிறது என்றார்கள். எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. கல்லோ பாதி மண்ணில் புதைந்து, அழுக்கேறிக் கிடந்தது. அவர் கண்ணில் படாமலே போய்விட்டால்? முந்தின நாள் சுற்றிலும் மண்ணைக் கொத்தித் தள்ளி, கல்லைத் தேய்த்துக் கழுவி, சுண்ணாம்பு அடித்து, மஞ்சள் குங்குமமும் வைத்தேன்.

"நம்ம வூடு கூட இத்தன பளிச்சுனு இல்ல" என்றார் வீட்டுக்காரர். பெருமையாகத்தான் இருந்தது.

கமிஷனர் சர்வேயரோடு வந்தார். எங்கள் மோரையும் குடிக்கவில்லை, மாமா வெட்டி வைத்த இளநீரையும் தொடவில்லை. போட்டோ எடுத்தார், எழுதிக்கொண்டார், போய்விட்டார்.

அறிக்கையின் நகல் வந்தது. மீட்டரும் வரைபடமுமாக, எனக்கு ஒரு மண்ணும் புரியவில்லை. எங்கள் வக்கீல் ஓர் இடத்தில் விரலை வைத்தார். கல்லைச் சுற்றி மண் புதிதாகக் கிளறப்பட்டிருக்கிறது, கல் சமீபத்தில் நடப்பட்டதாகத் தெரிகிறது என்று இருந்ததாம்.

"ஏம்மா, கல்ல மாத்தி நட்டீங்களா?" என்று அவரே என்னைக் கேட்டார். அழுகை முட்டிக்கொண்டு வந்தது. நான் செய்தது தப்பா, கமிஷனர் எழுதியது தப்பா என்றே விளங்கவில்லை. என் கையாலேயே கிணற்றைத் தூக்கிக் கொடுத்துவிட்டேனே என்று இரண்டு நாள் சோறு இறங்கவில்லை.

ஆட்சேபணை போட்டோம். கோர்ட் அதே கமிஷனரை மறுபடி அனுப்பியது. நான் சுண்ணாம்பு, குங்குமக் கதையைச் சொன்னேன். அவர் நம்பியதாகத் தெரியவில்லை. மாமா பக்கம் திரும்பி, "நீங்க சொல்லுங்க, கல்லு புதுசா பழசா?" என்றார். மாமாவின் வக்கீல் தொண்டையைச் செருமினார். தெரியாது என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், கிணறு மாமாவுக்குத்தான்.

மாமா குனிந்து கல்லின் தலையில் கை வைத்தார்.

"பழசுதானுங்க. எங்க தாத்தா நட்டது. அதப் போயி புதுசுன்னு எப்பிடிங்க சொல்றது? ஆனா அவரு அளந்து நட்ட எடம் தப்பு. கெணறு என்னுதுதான். அதையும் எழுதிக்கோங்க."

அவருடைய வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார். எனக்கோ மாமாவைக் கும்பிடுவதா, முறைப்பதா என்று தெரியவில்லை.

திருத்திய அறிக்கை போனது. இரண்டு குடும்பமும் காலகாலமாக ஒப்புக்கொண்ட எல்லை அந்தக் கல்தான் என்று தீர்ப்பு வந்தது. கிணறு எங்களுக்கே நின்றது. அன்றைக்குக் கோர்ட் வாசலில் மாமாவிடம் ஓடினேன்.

"மாமா, நீங்களும் தண்ணி எடுத்துக்குங்க."

"என் கெணத்துத் தண்ணிய எனக்கே நீ குடுக்கறியா?" என்று கேட்டுவிட்டு, திரும்பிப் பார்க்காமல் பஸ் ஏறிவிட்டார். இப்போது அப்பீலுக்குப் போயிருக்கிறார்.

தினமும் மோட்டார் போடும்போது அவர் முகம்தான் ஞாபகம் வருகிறது. எதிராளி என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை, சொந்தம் என்று சொல்ல அவர் விடவில்லை.