மழையில்லாத வெள்ளம்

பாரிஸின் லா சப்பல் பகுதியில் ஒரு தேநீர்க்கடையில் நிற்கிறேன். கடைக்காரர் என்னைக் கவனிக்காமல் கைபேசியை ஒலிபெருக்கியில் போட்டு மகளோடு மல்லுக்கட்டுகிறார். நேற்று நான் பார்த்துவிட்டு வந்த அதே ஆல்ப்ஸ் ஆற்றின் நடுவே, கல்திட்டில், அவள் கணவனோடு கூடாரம் அடித்திருக்கிறாள்.

“மழையே இல்லை, பிறகென்ன பயம் எண்டு கேக்கிறாள், தம்பி.”

“அது மலைப்பனி உருகி வர்ற தண்ணி, அண்ணே. வெயில் அடிச்சாலே சாயங்காலம் பெருகிடும்.”

அவர் அதை அப்படியே சொல்கிறார். மகள் சிரித்தபடி பிரெஞ்சில் மறுத்துவிட்டு அழைப்பைத் துண்டிக்கிறாள்.

“சொல்லிச் சொல்லியே என்ரை தொண்டைத்தண்ணி வத்திப்போச்சு” என்று சலித்துக்கொண்டே அவர் எனக்குத் தேநீர் ஊற்றுகிறார். நான் குடித்து முடிப்பதற்குள் மறுபடி அழைப்பு. பின்னணியில் தண்ணீர் இரைகிறது. இம்முறை அவள் தமிழில் பேசுகிறாள்.

“அப்பா, நாங்கள் கரைக்கு வந்திட்டம். கூடாரம் ஆத்தோடை போயிட்டுது.”

“ஓம்” என்று மட்டும் சொல்லிவிட்டு அவர் நாற்காலியில் உட்காருகிறார்.