நான் எடுக்காத ஷாட்

பேய், ஆவி என்று யாராவது ஆரம்பித்தால் முதலில் கிண்டல் செய்கிறவன் நான்தான். நீங்களும் நம்பமாட்டீர்கள், பரவாயில்லை, கேளுங்கள்.

திருப்பதியில் சினிமா படித்துக்கொண்டிருந்தேன். கடைசி வருடப் படம், எதைப் பற்றி எடுப்பது என்றே தெரியாமல் கதை கதையாக எழுதிக் கிழித்துவிட்டு, விஜயபுரத்தில் கடலை பயிர் செய்யும் என் நைனாவையே, மகனுக்காக பஸ் ஸ்டாப்பில் காத்திருக்கும் அப்பாவாக நடிக்க வைத்தேன். ஒரே ஒரு ஷாட் பாக்கி. மகனைப் பார்த்ததும் அவர் முகம் மலரவேண்டும். மனுஷனுக்கு வரவே இல்லை, ஆதார் கார்டுக்குப் போஸ் கொடுப்பதுபோல விறைத்துக்கொண்டு நின்றார். எரிந்து விழுந்துவிட்டு, அடுத்த ஞாயிறு பார்க்கலாம் என்று கிளம்பிவிட்டேன்.

சனிக்கிழமை காலை என் அறைக் கதவைத் தட்டினார். கையில் லட்டு, தலையில் பளபளவென்று மொட்டை, சந்தனம் வேறு.

"மலைக்குப் போய்ட்டு வரேன்டா. உன் படம் நல்லா வரணும்னு வேண்டிக்கினேன்."

"போச்சு நைனா! படம் முழுக்க முடியோட கீற, கடைசில மட்டும் மொட்டையா? எவன் ஒத்துக்குவான்? சினிமாவே வேணாம், ஸ்ரீசிட்டில எதுனா கம்பெனிக்குப் போறேன்."

அவர் பாயில் படுத்துத் தூங்கிவிட்டார். எல்லாவற்றையும் அழித்துத் தொலைக்கலாம் என்று கேமரா கார்டை லேப்டாப்பில் போட்டேன். நம்பினால் நம்புங்கள், கடைசியில் நான் எடுக்காத ஒரு ஷாட் இருந்தது. அதே பஸ் ஸ்டாப், தலை நிறைய முடியோடு நைனா. கேமராவுக்குப் பின்னாலிருந்து ஒரு குரல், சத்தியமாக என் குரல்: "நைனா, துன்னியா?" அவர் திரும்பிச் சிரிக்கிறார். அப்படி அவர் சிரித்து நான் பார்த்ததே இல்லை.

எழுப்பிக் காட்டினேன்.

"புதன்கிழம ஒண்டியா வந்தியேடா. வந்ததும் துன்னியானு கேட்ட. அந்த சந்தோஷத்துலதான் மலைக்கே போனேன்."

புதன்கிழமை நான் வகுப்பில் இருந்தேன். கேமரா என் அறையில் பூட்டிக் கிடந்தது. அது போகட்டும், சாப்பிட்டாயா என்று அவரை நான் ஒருநாளும் கேட்டதில்லை. அதை நினைத்ததும் அழுதுவிட்டேன்.

அந்த ஷாட்டோடுதான் படம் முடிந்தது. ஆசிரியர் முதல்முறையாக முதுகில் தட்டிக் கொடுத்தார். கம்பெனி வேலைக்குப் போகவில்லை. இனி என்ன படம் எடுக்கவேண்டும் என்பது ஒருவழியாகப் புரிந்துவிட்டது.

இப்போது தினமும் போன் போட்டு, துன்னியா நைனா என்று கேட்கிறேன். துன்னேன்டா என்பார். நேற்று மட்டும் கொஞ்சம் தயங்கிச் சொன்னார்:

"கொரல் அதேதான்டா. ஆனா அன்னிக்கு வந்தவன் கேட்ட மாதிரி நீ இன்னும் கேக்கல."