ஒரு தடவை கூப்பிட்டவன்

எம்போங்குக்குக் காதுதான் தொழில். மலேசியாவின் திரெங்கானு கரையில் படகுக்கு வலையும் சுக்கானும் எப்படியோ, மீன் சத்தம் கேட்கிற ஆளும் அப்படி. மோட்டாரை நிறுத்தியதும் படகின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு அவன் கடலில் இறங்குவான். தலை மூழ்கியதும் மேலே இருக்கிறவர்கள் இருமலைக்கூட அடக்கிக்கொள்வார்கள். கத்தாளை மீன் கூட்டம் அடியில் தவளைபோலக் கத்தும். அந்தக் கத்தலை வைத்துக் கூட்டம் எந்தப் பக்கம் இருக்கிறது, சின்னதா பெரியதா என்று அவன் பிரித்துவிடுவான். மேலே வந்து கையை நீட்டினால் வலை அந்தப் பக்கம் விழும். ஏன் என்று யாரும் கேட்பதில்லை.

அந்தக் காது ஒருநாளில் வந்ததல்ல. இளவயதில் பல வருஷம் தப்பான பக்கம் கையை நீட்டி, வெறும் வலை இழுத்தவர்களிடம் வசவு வாங்கிக் கட்டிக்கொண்டு, தானாகவே பழகியது.

கரைக்கு எதிரே இருந்த தீவுக்குக் கிழக்கே ஓர் ஆழம் இருந்தது. ஊரார் அதைப் பிந்துகுழி என்பார்கள். அங்கே ஓசை பிந்தி வரும். எப்போதோ போட்ட நங்கூரம் இன்றைக்குத் தொம்மென்று விழுவது காதில் கேட்கும். ஒரு மூச்சுக்கு இறங்கியவன் மேலே வரும்போது, படகில் பற்றவைத்திருந்த சுருட்டு சாம்பலாகியிருக்கும். சில நாள் வெயிலே மறுபக்கம் போயிருக்கும். ஆனாலும் மீன் அங்கேதான் அதிகம். அதனால் பயந்துகொண்டே போவார்கள்.

எம்போங்கின் தங்கை மெக் சூவின் கணவன் தாஹர். ஆற்றங்கரை ஊர்க்காரன்; கல்யாணமாகி வந்த பிறகுதான் கடலுக்கே பழகினான். அவன் முதல் தடவை பிந்துகுழிக்கு வந்த அன்று எம்போங் தண்ணீருக்குள் தலையை விட்டான். கத்தாளைகளின் சத்தத்துக்கு நடுவே ஒரு மனிதக் குரல் கேட்டது. “மச்சான்! இங்க!”

தாஹரின் குரல்தான்.

எம்போங் மேலே வந்தான். தாஹர் படகின் முன்பக்க அணியத்தில் உட்கார்ந்து வலையைச் சரிசெய்துகொண்டிருந்தான்.

“மாப்ள, நீ இதுக்கு முன்னாடி இங்க வந்து எப்பவாவது விழுந்திருக்கியா?”

“இன்னிக்குத்தான் மச்சான் இந்த எடத்தையே பாக்குறேன். ஏன், தள்ளிவிடப் போறீங்களா?”

எல்லோரும் சிரித்தார்கள். எம்போங் மறுபடி தண்ணீரைப் பார்த்தான். பிந்தி வரும் ஓசைதானே இங்கே கேட்கும்? இது முந்தி வந்திருக்கிறது. இன்னும் கூப்பிடாதவனின் கூப்பாடு.

கேட்டதைச் சொல்லியிருக்கலாம். ஆனால் மீன் சத்தம் கேட்கிறவன் மீனைத் தவிர வேறெதையும் வாய்விட்டுச் சொல்லக்கூடாது, சொன்னால் அது நடந்துவிடும் என்பது அந்தக் கரையின் நம்பிக்கை. அதோடு, சொன்னால் பிந்துகுழிப் பக்கம் இனி எந்தப் படகும் வராது. எம்போங் வேறு வழி தேடினான். கரையேறியதும் படகுக்காரன் ஜூசோவிடம் மெதுவாகச் சொன்னான்: “தாஹர் படகுல இருந்தா மீன் வாயத் தெறக்க மாட்டேங்குது.”

அது போதும். மறுநாளிலிருந்து தாஹரை எந்தப் படகும் ஏற்றவில்லை.

“உயிர் மிச்சம்” என்று எம்போங் தனக்குச் சொல்லிக்கொண்டான். தங்கை வீட்டு வழியாகப் போவதை மட்டும் நிறுத்திவிட்டான். தாஹர் பெண்களோடு உட்கார்ந்து மீன் உலர்த்தினான். காப்பிக் கடைக்குள் அவன் வந்தால் ஜூசோ கையைத் தூக்குவான். “ஏய், வாய மூடுங்கப்பா. ஊமைமீன்காரன் வந்தாச்சு. காப்பிகூட இனி கொதிக்காது.” தாஹரும் கூடச் சேர்ந்து சிரிப்பான். அந்தச் சிரிப்பைப் பார்க்க மாட்டாமல் எம்போங் பாதிக் காப்பியோடு எழுந்து போவான்.

மெக் சூ ஒருநாள் அவனை வழியில் மறித்தாள். “என்னண்ணே, உன் காதுல என்ன அடைச்சுக்கிட்டு இருந்துச்சு அன்னிக்கு? என் வீட்டுக்காரரு மீனுக்கு என்ன பாவம் பண்ணாரு?”

“கேட்டதைச் சொன்னேன்.”

“கேட்டியா, கேக்கலியா?”

அவன் அவளைச் சுற்றிக்கொண்டு நடந்தான்.

பிந்துகுழிக்குப் போகும்போதெல்லாம் அந்தக் குரல் கேட்டது. முதலில் பதறி மேலே வந்துவிடுவான். பிறகு பழகிவிட்டது. ஆள்தான் கரையில் பத்திரமாக இருக்கிறானே என்று குரலை ஒதுக்கிவிட்டு மீனைக் கேட்கப் பழகிக்கொண்டான்.

ஒரு காலையில் தாஹர் சின்னத் தோணி ஒன்றை இரவல் வாங்கிக்கொண்டு தனியாகப் பிந்துகுழிக்குக் கிளம்பினான். எங்கே போகிறான் என்று சொல்லாமல், தோணி நிறையக் கத்தாளையோடு வந்து ஜூசோவின் காலடியில் கொட்டப் போவதாக மட்டும் மனைவியிடம் சொல்லியிருந்தான். எம்போங்குக்கு அது தெரியாது. அன்று ஜூசோவின் படகும் அங்கே போயிற்று. எம்போங் இறங்கினான். “மச்சான்! இங்க!” வழக்கமான குரல். ஒதுக்கினான். மேலே வந்து வடக்கே கையை நீட்டினான். வலை நிறைந்தது.

சாயங்காலம் வெறும் தோணி தெற்கே கரை ஒதுங்கியது.

ஊரே தெற்குப் பக்கம் தேடியது. எம்போங்கும் கூடத் தேடினான். எங்கே தேட வேண்டும் என்று அவனுக்கு மட்டும் தெரியும். அதைச் சொன்னால், ‘உனக்கெப்படித் தெரியும்?’ என்று கேட்பார்கள். காலையில் கேட்டது பழைய குரல்தான் என்று இரண்டு நாள் தன்னையே ஏமாற்றிக்கொண்டான். மூன்றாம் நாள் மெக் சூவின் வீட்டில் பாய் விரித்து, இறந்தவருக்கு ஓதுவதுபோல யாசீன் ஓத ஆரம்பித்தார்கள். அது காதில் விழுந்ததும் அவன் ஒரு படகைத் தள்ளிக்கொண்டு தனியே போனான்.

பிந்துகுழியில் இறங்கினான். “மச்சான்! இங்க!”

இந்தத் தடவை அவன் மேலே வரவில்லை. தண்ணீருக்குள்ளேயே வாயைத் திறந்து, “வர்றேன்டா!” என்று கத்தினான். உப்புத் தண்ணீர் மூக்கிலும் வாயிலும் ஏறியது. திணறி மேலே வந்தான். சற்று முன் வெறும் தண்ணீராக இருந்த இடத்தில் தாஹர் துடுப்பைக் கட்டிப்பிடித்தபடி மிதந்துகொண்டிருந்தான். மூன்று நாள் கடலில் கிடந்தவனுக்கு உதடு வெடிக்கவில்லை. முகத்தில் வெயிலே படவில்லை.

“தோணி கவுந்திருச்சு மச்சான். ஒரே ஒரு தடவதான் கூப்பிட்டேன். உடனே வந்துட்டீங்களே!”

எம்போங் அவனைத் தூக்கிப் படகில் போட்டான். கரையைப் பார்த்துப் படகைத் திருப்பினான்.

அன்று மத்தியானம் மெக் சூ கணவனுக்குக் கஞ்சி ஊற்றிக்கொண்டிருந்தாள். ஓத வந்தவர்கள் வாசலில் நின்று வேடிக்கை பார்த்தார்கள். தாஹர் எல்லோரிடமும் திரும்பத் திரும்ப அதையே சொன்னான். “கூப்பிட்ட வாய மூடல, மச்சான் வந்து நிக்கிறாரு. இப்படிப்பட்ட மனுஷன் எம்மேல பொய் சொல்லுவாரா? எனக்குத்தான் ராசியில்ல. இனிமே கடல் பக்கமே தலைவச்சுப் படுக்க மாட்டேன்.”

எம்போங்கால் அதைக் கேட்டுக்கொண்டு நிற்க முடியவில்லை.

“மீன் ஊமையாகல, மாப்ள. பொய் சொன்னேன். உன் குரல் முன்னாடியே கேட்டுச்சு. உன்னக் கரையில நிறுத்தணும்னு சொன்ன பொய். நீ தொலஞ்ச அன்னிக்கும் கேட்டுச்சு. பழசுன்னு விட்டுட்டு வலை போட்டேன்.”

தாஹரின் கை கஞ்சிக் கிண்ணத்திலேயே நின்றது. “அப்போ நான் எத்தன நாளாக் கூப்பிட்டுக்கிட்டு இருந்தேன்?”

மெக் சூ கரண்டியைக் கீழே வைத்தாள். “இங்க சொல்லி என்னண்ணே? பொய்யக் கடையிலதான சொல்லிப் பரப்பின? அங்க போய்ச் சொல்லு.”

அவன் போனான். கடை நிறைந்திருந்தது. நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னான். ஜூசோதான் வாய் திறந்தான்.

“அப்போ நாளைக்கு நீ கைய நீட்டினா நாங்க எதை நம்பி வலை போடறது?”

“நம்பாதீங்க” என்றான் எம்போங். “தாஹரை ஏத்திக்கிட்டுப் போங்க. மீன் பேசுதா இல்லையான்னு அவனே தலைய முக்கிக் கேட்டுக்கட்டும்.”